தொலைதூரத் தீவுகளில் எலியும் மூஞ்சூறும் ஏன் இல்லை?

திசையறியாள்

மனிதக் கால் படுவதற்கு முன்பு ஹவாய்த் தீவுகளில் நிலத்தில் வாழ்ந்த பாலூட்டி வௌவால் மட்டுமே. எலி, அணில், மூஞ்சூறு எதுவுமே கிடையாது. மொரீஷியஸிலும் அதே கதைதான். பசிபிக்கின் பிஜி, சமோவா, டோங்கா மூன்றிலும் பழங்குடிப் பாலூட்டி என்றால் வௌவால்தான். இத்தனைக்கும் மொரீஷியஸில் பல்லியும் அரணையும் ஆமையும் தாமாகவே வந்து சேர்ந்திருக்கின்றன. பிஜியில் இகுவானா என்ற பெரிய பல்லிகூட இருக்கிறது.

எலியைப் போல எதையும் தின்று எங்கும் பிழைக்கும் பிராணி வேறு உண்டா? பொலினேசியரின் படகிலிருந்து இறங்கியதும் ஹவாய் முழுக்கப் பெருகிவிட்டது. அப்படிப்பட்டது அதற்கு முந்தைய லட்சக்கணக்கான ஆண்டுகளில் ஏன் ஒரு முறைகூட வரவில்லை? "தூரம்" என்று ஒரே சொல்லில் முடித்துவிடாதீர்கள். பல்லிக்கும் அதே தூரம்தானே.

உப்பங்கழி

நல்ல கேள்வி. தூரத்தை நாட்களாக மாற்றிப் பார்த்தால் விடையின் பாதி கிடைத்துவிடும்.

பறக்காத விலங்கு கடலைத் தாண்ட மிதவை வேண்டும். வெள்ளத்திலோ புயலிலோ கரையோடு பெயர்ந்து வரும் மரங்கள், வேரும் மண்ணும் கொடியும் பின்னிய திட்டுகள், இவைதான் மிதவை. இது வெறும் ஊகமன்று. 1995-இல் கரீபியனில் சூறாவளிகள் வீசி ஓய்ந்த பிறகு, அங்குவில்லா தீவின் கரையில் வேரோடு பெயர்ந்த மரங்களின் பெரிய திட்டு ஒன்று ஒதுங்கியது. அதன் மேல் குறைந்தது 15 பச்சை இகுவானாக்கள் இருந்தன. அந்த இனம் அதற்கு முன் அங்கே இருந்ததே இல்லை. மீனவர்கள் கண்ணாரப் பார்த்தார்கள். ஆய்வாளர்கள் பின்தொடர்ந்து பதிவு செய்தார்கள்.

நீரோட்டம் ஒரு மிதவையை நாளுக்கு 20 கிலோமீட்டர் தள்ளுவதாக வைத்துக்கொள்வோம். 400 கி.மீ. கடக்க 20 நாள். 1,000 கி.மீ. என்றால் 50 நாள். வட அமெரிக்காவிலிருந்து ஹவாய் ஏறத்தாழ 3,800 கி.மீ.; அதற்கு ஆறு மாதத்துக்கு மேல். அதுவும் வழி தவறாமல் நேர்கோட்டில் போனால்.

இப்போது பயணிகளைப் பாருங்கள். பல்லியின் உடல் வெயிலில் சூடாகிறது. பாலூட்டி தன் சூட்டைத் தானே எரித்து உண்டாக்கிக்கொள்கிறது. ஒரே எடையுள்ள ஊர்வனத்தோடு ஒப்பிட்டால் சும்மா படுத்திருக்கும் பாலூட்டிக்கும் பல மடங்கு ஆற்றல் வேண்டும். உடல் சிறுக்கச் சிறுக்க நிலைமை இன்னும் மோசம், ஏனெனில் எடையை ஒப்பிட்டால் தோலின் பரப்பு அதிகம், சூடு வேகமாகக் கசியும். சில கிராம் எடையுள்ள மூஞ்சூறு ஒரு நாளில் கிட்டத்தட்டத் தன் எடைக்குச் சமமாகத் தின்றாக வேண்டும். அரை நாள் பட்டினி போட்டால் உயிருக்கே ஆபத்து. எலி மேலும் சில நாள் தாக்குப்பிடிக்கும். நிலத்தாமை? 2004 டிசம்பரில் தான்சானியாவின் கடற்கரையில் அல்டாப்ரா ராட்சத ஆமை ஒன்று கடலிலிருந்து நடந்து வந்தது. அதன் ஊரான அல்டாப்ராத் தீவு 700 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கிறது. ஆமை எலும்பும் தோலுமாக இருந்தது. கால்களிலும் ஓட்டின் அடிப்பகுதியிலும் கொட்டலசு என்ற ஓடுள்ள சிறு கடலுயிரிகள் ஒட்டி வளர்ந்திருந்தன. கொட்டலசு அந்த அளவுக்கு வளர வேண்டுமென்றால் வாரக்கணக்கில் நீரில் கிடந்திருக்க வேண்டும். அப்படியும் நடந்து வந்தது!

ஆகவே தூரம் எல்லோருக்கும் ஒன்றுதான். கையிலிருக்கும் கட்டுச்சோறு ஒன்றன்று.

பொன்வண்டு

பயணத்தையே பேசுகிறோம். போய்ச் சேர்ந்த பிறகு பிழைக்க முடிய வேண்டாமா? எரிமலைத் தீவில் முதலில் பாறையும் சாம்பலும்தான். பவளத் தீவுகளில் நன்னீரே அரிது. மேலும் வெப்பமண்டலத் தீவுகளில் காட்டுத் தரையை நில நண்டுகள் ஆள்கின்றன. விதை, கனி, இலைக்குப்பை என்று எலி தின்பதை எல்லாம் அவை ஏற்கெனவே தின்றுகொண்டிருக்கின்றன. தென்னை நண்டு எலியையே பிடித்துத் தின்னும். இடம் காலியாக இல்லை என்பதும் ஒரு காரணம் ஆகாதா?

உப்பங்கழி

ஆகாது என்பதற்குக் கப்பல்கள்தாம் சாட்சி. மனிதன் கொண்டுபோய் விட்ட இடத்தில் எல்லாம் எலி வாழ்கிறது; உலகின் தீவுக் கூட்டங்களில் 80 சதவீதத்துக்கும் மேல் இன்று அது குடியேறிவிட்டது. நண்டுகள் நிறைந்த வெப்பமண்டலத் தீவுகளும் அதில் அடக்கம். எலியை ஒழிக்க வைக்கும் நஞ்சு உணவை நண்டுகள் தின்று தீர்த்துவிடுகின்றன என்பது அங்கே எலி ஒழிப்பில் ஈடுபட்டிருப்பவர்களின் பெரிய தலைவலி. அதாவது நண்டு எலிக்குக் காவலாகக்கூட இருக்கிறது!

இந்த வாதம் புதிதும் அன்று. கண்டத்திலிருந்து 300 மைலுக்கு மேல் விலகிய தீவில் தரைப் பாலூட்டி இருப்பதற்கு ஐயமற்ற சான்று ஒன்றுகூடத் தனக்குக் கிடைக்கவில்லை என்று டார்வின் 1859-இல் எழுதினார். தீவுகளின் குணம் காரணமாக இருக்க முடியாது, ஏனென்றால் கொண்டுபோய் விட்டவை கொழிக்கின்றன. பறக்கும் வௌவால் மட்டும் போய்ச் சேர்ந்திருக்கிறது, ஆகவே கடல்தான் தடை. ஒரே பத்தியில் முடித்துவிட்டார்.

ஆந்தைவிழி

டார்வினை மேற்கோள் காட்டுபவர்கள் அடுத்த பகுதியையும் சொல்ல வேண்டும். அந்த 300 மைல் விதியை முறிக்கும் எலி அவருடைய பெட்டியிலேயே இருந்தது. 1835-இல் கலாபகஸில் அவர் சேகரித்த எலி, இன்று அத்தீவுகளுக்கே உரிய இனம் என்று தெளிவாகியிருக்கிறது. ஈக்வடார் கரையிலிருந்து கலாபகஸ் ஏறத்தாழ 1,000 கி.மீ., அதாவது 600 மைல். ஒன்று மட்டுமா? அங்கே அரிசி எலி வகையில் பல இனங்கள் இருந்தன. ராட்சத எலி ஒன்றும் இருந்து அழிந்தது.

அடுத்து மூஞ்சூறு. அரை நாள் பட்டினியில் சாகும் என்கிறீர்கள். ஜாவாவுக்குத் தெற்கே 350 கி.மீ. தள்ளியிருக்கும் கிறிஸ்துமஸ் தீவில் தனி மூஞ்சூறு இனம் இருந்தது. கினி வளைகுடாவில் கண்டத்தோடு ஒருபோதும் ஒட்டியிராத எரிமலைத் தீவுகளான சாவோ டோமேயிலும் பிரின்சிபியிலும் ஆளுக்கொரு மூஞ்சூறு. அந்தமானுக்குக் கிழக்கே, ஏழு சதுர கிலோமீட்டர்கூட இல்லாத நார்கொண்டம் எரிமலைத் தீவில் 2021-இல் புதிய இனம் ஒன்று விவரிக்கப்பட்டது. உங்கள் கணக்குப்படி இவை எல்லாம் நடுக்கடலில் செத்திருக்க வேண்டும்.

முள்ளெலி

ஆந்தைவிழி சொன்ன நான்கு தீவுகளின் மூஞ்சூறுகளும் எந்தப் பேரினம் என்று கவனித்தீர்களா? நான்குமே குரோசிடுரா. அது தற்செயல் அன்று.

மூஞ்சூறுக் குடும்பத்தில் இரண்டு பெரிய கிளைகள். வடக்கின் குளிர் நாடுகளில் பரவிய கிளை, எந்நேரமும் உலையை முழு வேகத்தில் எரிக்கும். குளிர்காலத்தில்கூட அடங்கி உறங்காது. ஆப்பிரிக்காவிலும் தெற்காசியாவிலும் செழித்த கிளையில்தான் குரோசிடுரா வருகிறது. இதன் வளர்சிதை மாற்றம் மற்றதைவிடத் தணிந்தது. இரை குறைந்தால் சில மணி நேரம் உடல் சூட்டை இறக்கி மந்தநிலைக்குப் போகும். பிறகு மீண்டும் சூடேறி எழும். ஒரு பகல் பட்டினியை இப்படி ஓட்டிவிடலாம். மக்கிய மரத்தோடு மிதந்தால் பட்டைக்குள் கறையானும் புழுவும் இருக்கும். சில வாரங்கள் வரை கதை ஓடும். சில மாதங்கள் ஓடாது.

அதனால்தான் மூஞ்சூறு எட்டிய தீவுகள் எல்லாமே சில நூறு கிலோமீட்டருக்குள் அடங்குகின்றன. ஆயிரத்தை ஒட்டிய கலாபகஸில் மூஞ்சூறு இல்லை, எலி இருக்கிறது.

மடகாஸ்கர் இன்னும் சுவையானது. அங்கே வந்து சேர்ந்தவற்றில் டென்ரெக் என்ற, பூச்சி தின்னும் சிறு பாலூட்டி ஒன்று. பெரிய டென்ரெக் ஆண்டில் எட்டு ஒன்பது மாதம்கூடத் தொடர்ந்து உறங்கும் பிராணி. குரங்கின் தூரத்து உறவான குள்ள லெமூர்களும் வாலில் கொழுப்பைச் சேர்த்துக்கொண்டு மாதக்கணக்கில் உறங்கும். முதலில் வந்த மூதாதைக்கும் இந்தத் திறமை இருந்திருந்தால், மரப்பொந்தில் உறங்கியபடியே கடலைக் கடந்திருக்கலாம் என்பது பலர் முன்வைக்கும் கருத்து. மூதாதை உறங்கியதை யாரும் பார்க்கவில்லை, ஆனால் கருத்து எனக்குப் பிடிக்கும். டென்ரெக்குக்கு இன்னொரு வசதியும் உண்டு: ஒரே ஈற்றில் 32 குட்டிகள் வரை போடும். கருவுற்ற ஒரே ஒரு தாய் கரையேறினால் போதும்.

திசையறியாள்

அந்தக் கடைசி வரியைச் சற்று விரித்துச் சொல்ல முடியுமா? ஒரே ஒரு தாயின் குட்டிகளிலிருந்து ஓர் இனம் தழைக்குமா?

முள்ளெலி

தழைக்கும், தழைக்காமலும் போகும். பெரும்பாலும் போகும். உறவுக்குள்ளேயே இனம் பெருகுவதால் வரும் குறைகள், ஒரே புயலில் எல்லாம் முடிந்துபோகும் அபாயம், இவற்றைத் தாண்ட வேண்டும். ஆனால் இதிலும் பல்லிக்குச் சலுகை இருக்கிறது. பசிபிக் தீவுகள் எங்கும் காணப்படும் ஒரு சிறு பல்லி இனத்தில் பெரும்பாலும் பெண்களே. ஆண் துணையின்றி முட்டையிட்டுப் பெருகும். ஒரு முட்டை மரத்தோடு ஒட்டிக்கொண்டு மிதந்தாலே போதும். பாம்பு, ஆமை போன்றவற்றின் பெண் விலங்குகள் பல மாதம் விந்தைச் சேமித்து வைக்கும். எலியாலோ மூஞ்சூறாலோ இரண்டும் ஆகாது. தாயின் மரபணுப் பிரதியும் தந்தையின் பிரதியும் தனித்தனியே முத்திரை குத்தப்பட்டிருப்பதால், தந்தையின்றிக் கரு வளராது. சுண்டெலிக்குக் கருக்காலமே மூன்று வாரம்தான்; பிறந்த குட்டிக்கும் பால் கொடுக்கத் தாய் தின்றாக வேண்டும்.

கணக்கன்

எல்லோரும் "முடியும், முடியாது" என்று பேசுகிறீர்கள். நான் எண்ணிக்கையை வைக்கிறேன்.

மடகாஸ்கருக்கு ஆப்பிரிக்காவிலிருந்து வந்து நிலைத்து இன்றும் தொடரும் நிலப் பாலூட்டிக் கால்வழிகள் நான்கு: லெமூர், டென்ரெக், ஊனுண்ணிகள், எலி போன்ற கொறிணிகள். காலம் ஏறத்தாழ 6 கோடி ஆண்டு. சராசரி ஒன்றரைக் கோடி ஆண்டுக்கு ஒரு வெற்றி. இத்தனைக்கும் இடைக்கடல் சுமார் 400 கி.மீ.தான், எதிரே நிற்பதோ 1,600 கி.மீ. நீளமான தீவு.

இதே விகிதத்தை ஹவாய்க்கு வையுங்கள். இன்றைய பெரிய தீவுகளில் மூத்ததான காவாயின் வயது சுமார் 50 லட்சம் ஆண்டு. எதிர்பார்க்கும் வருகை மூன்றில் ஒன்று. தற்செயலாக நேரும் அரிய நிகழ்வுகளுக்கான நிகழ்தகவுச் சூத்திரப்படி, ஒரு வருகைகூட நிகழாமலிருக்க 72 சதவீத வாய்ப்பு. 400 கி.மீ. தூரத்திலேயே இப்படி. ஹவாயோ ஒன்பது மடங்குக்கு மேல் தள்ளி, மிகச் சிறிய இலக்காக நிற்கிறது. "ஏன் வரவில்லை" என்ற கேள்வியே பிறக்காது. வந்திருந்தால்தான் விளக்கம் தேட வேண்டும்.

ஆந்தைவிழி

காவாயின் வயதை மட்டும் வைத்தது சரியில்லை. அதற்கு முன்பும் அந்தத் தீவு வரிசையில் உயரமான தீவுகள் இருந்து மூழ்கின. ஹவாயின் பழ ஈக்களின் கால்வழி சுமார் 2.5 கோடி ஆண்டு பழையது, மூழ்கும் தீவிலிருந்து புதிய தீவுக்குத் தாவித் தாவி வந்தது. எலியும் அப்படி வந்திருக்கலாமே.

கணக்கன்

2.5 கோடி ஆண்டு என்றே வையுங்கள். மடகாஸ்கர் விகிதம் அப்படியே பொருந்தினால் ஒன்றும் வராமலிருக்க 19 சதவீத வாய்ப்பு. தூரத்துக்கும் இலக்கின் சிறுமைக்குமாக விகிதத்தை இருபதில் ஒன்றாக்குங்கள், இது தாராளமான சலுகை, 92 சதவீதம். எனக்கு இது போதும்.

உப்பங்கழி

கணக்கனின் சராசரியில் ஒரு திருத்தம். மடகாஸ்கருக்கு வருகைகள் காலமெங்கும் சீராகப் பரவியிருக்கவில்லை. கடைசியாக வந்தவை கொறிணிகளும் ஊனுண்ணிகளும், ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகளுக்கு முன். பிறகு நீந்தத் தெரிந்த நீர்யானையைத் தவிரப் பெரிதாக யாரும் வரவில்லை. 2010-இல் வெளியான கணினி மாதிரி ஒன்று இதற்கு அழகான காரணம் சொன்னது: பண்டைக் காலத்தில் மடகாஸ்கர் இன்னும் தெற்கே இருந்தது, அப்போது மொசாம்பிக் கால்வாயின் நீரோட்டம் அவ்வப்போது ஆப்பிரிக்காவிலிருந்து கிழக்கு நோக்கிப் பாய்ந்தது. தீவு வடக்கே நகர்ந்ததும் ஓட்டம் திசை மாறியது. இன்று அங்கே மிதக்கும் மரம் பெரும்பாலும் ஆப்பிரிக்கக் கரைக்கே திரும்பும். ஆகவே கிலோமீட்டரைவிட நீரோட்டத்தின் திசை முக்கியம். கலாபகஸுக்கும் இதுதான் கதை; தென்னமெரிக்கக் கரையிலிருந்து ஓட்டம் அதை நோக்கியே பாய்கிறது.

இன்னொன்று, யார் மிதவையில் ஏறுகிறார்கள் என்பது. கலாபகஸை எட்டிய அரிசி எலிக் கூட்டம்தான் ஜமைக்காவையும் சிறிய ஆன்டிலீஸையும் பிரேசிலுக்கு அப்பால் பெர்னாண்டோ டி நோரோன்யாவையும் எட்டியது. சதுப்பிலும் ஆற்றோரத்திலும் அலையாத்திக் காட்டிலும் வாழ்ந்து நன்றாக நீந்தும் எலிகள் அந்தக் கூட்டத்தில் நிறைய. வெள்ளம் கரையை அறுத்துக்கொண்டு போகும்போது அந்தக் கரையில் குடியிருப்பவர்தாமே முதலில் போவார்! உள்நாட்டு மேட்டு நிலத்தில் வளை தோண்டி வாழும் பிராணிக்கு அந்த டிக்கெட் கிடைக்காது.

சிறகுமீன்

இடைமறிப்புக்கு மன்னிக்கவும். எலி எவ்வளவு தூரம் நீந்தும்?

உப்பங்கழி

2004-இல் நியூசிலாந்தில் ஆய்வாளர்கள் ஒரு பழுப்பு எலிக்கு ரேடியோப் பட்டை மாட்டி, எலியே இல்லாத ஒரு குட்டித் தீவில் வேண்டுமென்றே விட்டார்கள். பிடிக்க முடியவில்லை. பத்து வாரம் போக்குக் காட்டிவிட்டு, திறந்த கடலில் 400 மீட்டர் நீந்தி அடுத்த தீவுக்குப் போய்விட்டது. மொத்தம் 18 வாரம் கழித்தே சிக்கியது. 400 மீட்டர் என்பது ஒரு எலிக்குப் பெரிய சாதனை. நம் பேச்சுக்கு ஒன்றுமில்லை. நீச்சலால் பக்கத்துத் தீவுதான் கிட்டும், தொலைதூரத் தீவு கிட்டாது.

பொன்வண்டு

என் பழைய கேள்வியை வேறு விதமாகக் கேட்கிறேன். சீஷெல்ஸின் கருங்கல் தீவுகள் எரிமலையால் எழுந்தவை அல்ல. கோண்டுவானா என்ற பண்டைய தென் பெருங்கண்டத்தின் உடைந்த துண்டுகள். ஏறத்தாழ 6.5 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்தியாவிலிருந்து பிரிந்தவை. அங்கே அவற்றுக்கே உரிய தவளைக் குடும்பமும், மண்ணுக்குள் வாழும் காலில்லாத இருவாழ்விகளும் இருக்கின்றன. உப்பு நீர் பட்டால் செத்துப்போகும் இந்தப் பிராணிகள் துண்டோடு துண்டாக வந்தன என்கிறார்கள். அப்படியானால் பாலூட்டியும் ஏறியிருக்க வேண்டுமே? ஆனால் அங்கே பழங்குடிப் பாலூட்டி வௌவால்கள் மட்டுமே. பயணமே செய்யாத தீவிலும் பாலூட்டி இல்லை என்றால், "பயணம்தான் தடை" என்பது இங்கே பொருந்தவில்லை.

முள்ளெலி

இந்த இழையிலேயே கூர்மையான கேள்வி இதுதான். நான் இப்படிப் பார்க்கிறேன். ஏறியிருக்கலாம், பிறகு அழிந்திருக்கலாம். சீஷெல்ஸ் மேடை கடல்மட்டம் தாழ்ந்த பனிக் காலங்களில் பல்லாயிரம் சதுர கிலோமீட்டர் நிலமாக விரிந்தது. கடல் ஏறியபோது மலை முகடுகள் மட்டும் எஞ்சின. நிலம் சுருங்கினால் அதிகம் தின்னும் உயிருக்குத்தான் முதல் அடி. கைப்பிடி ஈர மண்ணில் ஒரு தவளைக் கூட்டம் பிழைத்திருக்கும். அதே சரிவில் அத்தனை எலிகள் பிழைக்க முடியாது. ஆகவே பாலூட்டியின் உலை கடலில் மட்டுமன்று, குறுகிய தீவிலும் அதற்குப் பகை. பயணத் தடை புதிய தீவுகளுக்கு. பழைய துண்டுகளுக்குச் சுருக்கம்.

ஆந்தைவிழி

இங்கேதான் நான் ஆரம்பத்திலிருந்து சொல்ல வந்தது வருகிறது. "இன்று இல்லை" என்பதை "என்றுமே இல்லை" என்று படிக்கக் கூடாது.

பெர்னாண்டோ டி நோரோன்யாவுக்கு இன்று போனால் கப்பல் எலிதான் இருக்கும். ஆனால் 1503-ஆம் ஆண்டுப் பயணத்தை விவரித்த இத்தாலியக் கடலோடி வெஸ்பூச்சி அங்கே பெரிய எலிகள் இருந்ததாக எழுதினார். நூற்றாண்டுகள் கழித்து எலும்புகள் கிடைத்தன; 1999-இல் தனிப் பேரினமாக விவரிக்கப்பட்டு அவர் பெயரே வைக்கப்பட்டது. எலும்பு கிடைக்காமல் இருந்திருந்தால் அந்தத் தீவும் "எலி வராத தீவு" பட்டியலில் சேர்ந்திருக்கும்.

கிறிஸ்துமஸ் தீவு இன்னும் கொடுமை. அங்கே இரண்டு பழங்குடி எலி இனங்கள் கூட்டங்கூட்டமாக இருந்தன. 1899 வாக்கில் கப்பலில் கருப்பு எலி வந்தது. ஐந்தாறு ஆண்டுக்குள் இரண்டு இனமும் காலி. நோயுற்ற எலிகள் பட்டப்பகலில் காட்டுப் பாதைகளில் தள்ளாடி ஊர்ந்ததை அப்போதே பார்த்து எழுதிவைத்திருக்கிறார்கள். அருங்காட்சியகத் தோல்களிலிருந்து டிஎன்ஏ எடுத்துப் பார்த்ததில், கப்பல் எலி வருவதற்கு முந்தைய மாதிரிகளில் இல்லாத ஒட்டுண்ணி பிந்தைய மாதிரிகளில் இருந்தது. 2008-இல் வெளியான முடிவு. அந்தத் தீவின் மூஞ்சூறோ 1908-லேயே அழிந்ததாகக் கருதப்பட்டது. 1958-இலும் 1980களிலும் ஓரிரண்டு பிடிபட்டன. 2025-இல் அழிந்த இனமாக அறிவித்துவிட்டார்கள்.

கலாபகஸில் இன்று எஞ்சியவை நான்கு எலி இனங்கள். கப்பல் எலி ஏறாத பெர்னாண்டினா தீவில் மட்டும் இரண்டு. சாண்டியாகோ தீவின் எலி 1906-க்குப் பிறகு காணாமற்போய் 1997-இல் திரும்பக் கிடைத்தது. தூரமும் பசியும் வடிகட்டியது ஒரு பக்கம். நாம் வடிகட்டியது இன்னொரு பக்கம். இரண்டாவதைக் கழித்த பிறகுதான் முதலாவதைப் பற்றிப் பேச வேண்டும்.

திசையறியாள்

அப்படியானால் ஹவாய்க்கும் இதே ஐயம் உண்டே? அங்கேயும் ஒரு காலத்தில் எலி இருந்து, நாம் பார்ப்பதற்குள் அழிந்திருந்தால்?

ஆந்தைவிழி

அங்கே எலும்பைத் தேடியிருக்கிறார்கள். எரிமலைக் குழம்பு ஓடி வடிந்த குகைகளிலும் சுண்ணாம்புப் பள்ளங்களிலும் அழிந்த பறவைகளின் எலும்புகள் குவியலாகக் கிடைத்திருக்கின்றன. பறக்க முடியாத வாத்துகள், கோட்டான்கள், சிட்டளவே உள்ளவைகூட. அதே குகைகளில் இன்றைய வௌவாலைவிடச் சிறிய, இப்போது அழிந்துவிட்ட இரண்டாவது வௌவால் இனத்தின் எலும்புகளும் கிடைத்து, 2016-இல் விவரிக்கப்பட்டது. அந்த நுணுக்கமான எலும்புகள் தங்கியிருக்கும்போது எலியின் தாடையும் பல்லும் தங்காமல் போகாது. பற்கள்தான் எல்லாவற்றிலும் கெட்டி. ஆனால் மனிதன் வருவதற்கு முந்தைய அடுக்கில் கொறிணியின் பல் ஒன்றுகூட இல்லை. எலி எலும்பு தொடங்குவதே பொலினேசியர் வந்த அடுக்கிலிருந்துதான். ஆகவே ஹவாயைப் பொறுத்தவரை உப்பங்கழியின் பக்கம்தான் நானும். மொரீஷியஸுக்கும் அப்படியே, டோடோவின் எலும்பு கிடைத்த சதுப்பில் வௌவாலும் ஆமையும் வந்தன, எலி வரவில்லை.

குகையோ சதுப்போ இல்லாத தாழ்வான பவளத் தீவுகளைப் பற்றி மட்டும் என்னிடம் கேட்காதீர்கள். அவை கடலுக்கு மேல் தலைகாட்டியே சில ஆயிரம் ஆண்டுதான் ஆகிறது. கணக்கனின் விகிதத்தில் அது ஒரு நொடிகூட இல்லை.